எந்த நேரத்தை நம்புவது? லீக் ஆஃப் லெஜண்ட்ஸ் மேட்ச் தரவு பற்றி ஒரு பதில்

கேட்டது ஒரு கேள்வி போலத் தெரிந்தாலும் உள்ளே இரண்டு இருக்கிறது. லீக் ஆஃப் லெஜண்ட்ஸ் என்ற ஆன்லைன் ஆட்டத்தில் நீங்கள் ஆடிய பழைய மேட்ச்களை, அதை நடத்தும் ரயட் நிறுவனத்தின் ஏபிஐ (நிரல்கள் தரவைக் கேட்டு வாங்கும் வழி) வழியாக இறக்கியிருக்கிறீர்கள். சில ஆட்டங்களின் நீளம் 1875 என்பது போலவும், ரொம்பப் பழையவற்றில் 1875000 என்பது போலவும் வருகிறது. நேரம் என்ற பெயரில் மூன்று நான்கு கட்டங்கள் (தரவுப் புலங்கள்) இருக்கின்றன, ஒன்றுக்கொன்று ஒத்துப்போகவில்லை, எதை எடுப்பது என்று கேட்கிறீர்கள். இது முதல் கேள்வி. கடைசி வரியில் போகிற போக்கில், எந்த நேரத்தில் ரேங்க்டு (தரவரிசைக்கான ஆட்டம்) ஆடினால் அதிகம் ஜெயிப்பேன் என்று இதிலிருந்து தெரியுமா, இரவு பதினொரு மணி எனக்கு நன்றாகப் போகிற மாதிரி இருக்கிறதே என்றும் கேட்டிருக்கிறீர்கள். உங்களுக்கு உண்மையில் வேண்டியது அதுதான் என்று படுகிறது. முதல் கேள்விக்கு உறுதியான பதில் இருக்கிறது. இரண்டாவதற்கு உங்கள் தரவு பாதி தூரம்தான் வரும். சர்வர் பதிவுகளையும் ஆட்டத் தரவையும் அலசுவதே பல வருடமாக என் தொழில் என்பதால் இரண்டையும் பற்றிக் கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

ஒரு மேட்சின் விவரத்தை இறக்கினால் அதில் நேரம் சம்பந்தப்பட்ட கட்டங்கள் நான்கு. கேம்கிரியேஷன் என்பது சர்வரில் அந்த ஆட்டம் உருவான நொடி, அதாவது நீங்கள் லோடிங் ஸ்க்ரீனைப் பார்த்துக்கொண்டிருக்கும் நேரம். கேம்ஸ்டார்ட்டைம்ஸ்டாம்ப் என்பது ஆட்டம் நிஜமாகத் தொடங்கிய நொடி. கேம்எண்ட்டைம்ஸ்டாம்ப் என்பது சர்வர் அந்த ஆட்டத்தை மூடிய நொடி. நான்காவது கேம்டியூரேஷன், நீளம். இதில் வில்லன் மூன்றாவதுதான். நெக்ஸஸ் (அணியின் முக்கியக் கட்டடம், அது உடைந்தால் ஆட்டம் முடிந்தது) உடைந்த நொடியும் சர்வர் ஆட்டத்தை மூடும் நொடியும் ஒன்றாக இருக்க வேண்டிய கட்டாயம் இல்லை. சில சமயம் முடிவு நேரம் நிஜத்தைவிட நன்றாகவே தள்ளிப் பதிவாகும் என்று ரயட்டின் ஆவணமே எச்சரிக்கிறது. அங்கேயே மாற்றுவழியும் இருக்கிறது: பத்து ஆட்டக்காரர்களில் யாருடைய டைம்பிளேயிட் (ஆடிய நேரம்) அதிகமோ, அதைத் தொடக்க நேரத்தோடு கூட்டிக்கொள்ளுங்கள். அதுதான் முடிவு நேரம்.

உங்களைக் குழப்பிய ஆயிரம் மடங்கு வித்தியாசத்துக்கும் இதோடு சம்பந்தம் உண்டு. 11.20 பேட்ச்சுக்கு (ஆட்டத்தின் புதுப்பிப்புக்கு) முந்தைய ஆட்டங்களில் கேம்டியூரேஷன் என்பது முடிவிலிருந்து தொடக்கத்தைக் கழித்த மில்லிநொடிக் கணக்கு. அந்தப் பேட்ச்சுக்கு அப்புறம் அதே கட்டத்தில் வருவது, அதிக நேரம் ஆடியவரின் நேரம், நொடிக் கணக்கில். கேம்எண்ட்டைம்ஸ்டாம்ப் என்ற கட்டமும் அதே பேட்ச்சில்தான், 2021 அக்டோபர் 5 அன்று, சேர்ந்தது. அதனால் அடையாளம் கண்டுபிடிப்பது சுலபம். முடிவு நேரக் கட்டம் இருக்கிறதா, நீளம் நொடியில் இருக்கிறது. இல்லையா, மில்லிநொடி, ஆயிரத்தால் வகுத்துவிடுங்கள். எண் பெரிதாகத் தெரிந்தால் வகுக்கலாம் என்று கண்ணளவில் செய்யாதீர்கள். சில நொடிகளிலேயே கலைந்துபோன ஒரு பழைய ஆட்டம் நடுவில் வந்தால் அந்தக் கண்ணளவு ஏமாற்றிவிடும். இன்னொன்று, பழைய கணக்கு முடிவு நேரத்தை நம்பியது, புதிய கணக்கு நம்பவில்லை. இரண்டும் வெறும் அலகில் மட்டும் வேறுபடுபவை இல்லை. பழைய ஆட்டங்களிலும் ஆட்டக்காரர் வாரியாக டைம்பிளேயிட் கிடைக்கிறது என்றால், எல்லாவற்றுக்கும் அதையே எடுத்து ஒரே அளவுகோல் ஆக்கிவிடுங்கள்.

ஓர் ஆட்டத்தைக் கையில் எடுத்துப் பார்க்கலாம். எண்கள் நான் வசதிக்காகப் போட்டவை. தொடக்கம் 1700000000000. பதின்மூன்று இலக்கம், அப்படியென்றால் மில்லிநொடி. இப்போதைய தேதிகள் நொடியில் பத்து இலக்கமாகவும் மில்லிநொடியில் பதின்மூன்று இலக்கமாகவும் வரும், எண்ணிப் பார்த்தாலே போதும். கணக்கு 1970 ஜனவரி 1, யுடிசி (உலகப் பொது நேரம்) நள்ளிரவிலிருந்து ஓடுகிறது. நம் எண் 2023 நவம்பர் 14, யுடிசி 22:13:20. அதிக டைம்பிளேயிட் 1875 நொடி, அதாவது 31 நிமிடம் 15 நொடி. ஆக முடிந்தது 22:44:35. இதே எண்ணை நொடி என்று தவறாக எடுத்தால் ஆண்டு 55 ஆயிரத்தைத் தாண்டிப் போகும், உடனே தெரிந்துவிடும். தலைகீழாக, நொடியை மில்லிநொடி என்று எடுத்தால் உங்கள் மேட்ச்கள் எல்லாம் 1970 ஜனவரி 20-ஐச் சுற்றி நடந்ததாகக் காட்டும். உங்கள் பட்டியலில் 1970 எங்காவது தலைகாட்டினால் காரணம் அநேகமாக இதுதான்.

எக்செல் போன்ற ஒன்றில் வேலை செய்கிறீர்கள் என்றால், மில்லிநொடி எண்ணை 86400000-ஆல் வகுத்து 25569-ஐக் கூட்டுங்கள், அந்தக் கட்டத்தைத் தேதி வடிவத்துக்கு மாற்றுங்கள். வருவது யுடிசி நேரம். இங்கேதான் நிறையப் பேர் சறுக்குகிறார்கள். யுடிசி மணியை வைத்தே "22 மணிக்கு நான் நன்றாக ஆடுகிறேன்" என்று முடிவு கட்டிவிடுவார்கள். ஐந்தரை மணி நேரம் முன்னே இருக்கும் ஒருவருக்கு மேலே சொன்ன ஆட்டம் மறுநாள் அதிகாலை 3:43. மணி மட்டும் இல்லை, தேதியும் கிழமையும்கூட மாறிவிட்டது. அரை மணிக் கணக்கில் வித்தியாசம் உள்ள இடங்களில், முதலில் யுடிசி மணியாகப் பிரித்துவிட்டு அப்புறம் மாற்றினால் ஒவ்வொரு கட்டமும் இரண்டு உள்ளூர் மணிகளில் பாதிப் பாதி கலந்து நிற்கும். ஒவ்வொரு ஆட்டத்தையும் முதலில் உள்ளூர் நேரத்துக்கு மாற்றுங்கள், அதன் பிறகு பிரியுங்கள். கோடையில் கடிகாரத்தைத் தள்ளிவைக்கும் ஊரில் இருப்பவர்கள் நிலையாக ஒரே எண்ணைக் கூட்டக்கூடாது. நிரல் மொழியின் நேர மண்டல வசதியிடம் ஊர்ப் பெயரைக் கொடுத்துவிட வேண்டும், அது பார்த்துக்கொள்ளும்.

மேட்ச்களை எடுக்கும் இடத்திலும் ஒரு பொறி இருக்கிறது. மேட்ச் எண்களின் பட்டியலைக் கேட்கும்போது தொடக்கத் தேதி, முடிவுத் தேதி என்று வடிகட்டி வைக்கலாம். ஆனால் அந்த வடிகட்டி நொடிக் கணக்கு கேட்கும், விவரத்துக்குள்ளே வருவதோ மில்லிநொடி. ஒரு மேட்சின் தொடக்க நேரத்தை அப்படியே நகலெடுத்து வடிகட்டியில் போட்டால், இன்னும் பிறக்காத காலத்து ஆட்டங்களைக் கேட்கிறீர்கள் என்று அர்த்தம். பட்டியல் காலியாகத்தான் வரும். அதோடு, அந்தப் பட்டியலில் நேரத்தைச் சேமிக்க ஆரம்பித்ததே 2021 ஜூன் 16 முதல்தான். தொடக்கத் தேதி வடிகட்டி வைத்தால் அதற்கு முந்தைய ஆட்டங்கள் வராது. உங்கள் பழைய மேட்ச்களில் சில வராமல் போயிருந்தால் அது காரணமாக இருக்கலாம், வடிகட்டியை எடுத்துவிட்டுப் பாருங்கள். ஒரு தடவைக்கு 20 எண்கள் வரும், கேட்டால் 100 வரை தரும். சாதாரண டெவலப்பர் சாவிக்கு (ஏபிஐயைப் பயன்படுத்த ரயட் தரும் கடவுச்சொல் போன்றது) நொடிக்கு 20, இரண்டு நிமிடத்துக்கு 100 அழைப்புகள் என்பது வரம்பு. ஒரு மேட்சுக்கு ஓர் அழைப்பு என்றால் ஐந்நூறு மேட்ச்களுக்குப் பத்து நிமிடம், நிமிட வாரியான டைம்லைனும் வேண்டும் என்றால் இருமடங்கு. அந்தச் சாவி 24 மணி நேரத்தில் காலாவதியாகிவிடும். அதைப் பதிவிலோ நிரலோடு சேர்த்தோ பொதுவில் போட்டுவிடாதீர்கள். இறக்கிய மூலக் கோப்புகளைத் தொடாமல் ஓரிடத்தில் வைத்துக்கொள்ளுங்கள். கணக்கு தப்பாகப் போனால் மறுபடி கணக்குதான் போட வேண்டும், மறுபடி இறக்கத் தேவையில்லை.

வேறு ஆட்டம் ஆடுபவர்களும் இதைப் படிக்கலாம் என்பதால் ஒரு வார்த்தை. மேலே சொன்ன கட்டங்கள் ரயட்டுடையவை, அதே பழக்கத்தோடு இன்னொரு ஆட்டத்துக்குப் போகக்கூடாது. டோட்டா 2 தரவை ஓப்பன்டோட்டா என்ற தளத்தில் எடுத்தால் தொடக்கமும் நீளமும் நொடியில் வரும். ஆட்டத்துக்குள் ஓடும் கடிகாரம் கழித்தல் எண்ணில் ஆரம்பித்து, கிரீப்கள் (கணினி இயக்கும் சிறு வீரர்கள்) கிளம்பும்போது 0:00-ஐத் தொடும். யாராவது ஆட்டத்தை இடையில் நிறுத்திவைத்தால் அந்தக் கடிகாரமும் நின்றுவிடும். அதனால் 40 நிமிட ஆட்டம் என்று பதிவானது சுவர்க் கடிகாரத்தில் 50 நிமிடம் பிடித்திருக்கலாம். பப்ஜியில் நேரம் எண்ணாக வராமல் எழுத்து வடிவத் தேதியாக, யுடிசியில் வரும், நீளம் நொடியில். அங்கே மேட்ச்கள் 14 நாள்தான் கிடைக்கும், அதற்குள் இறக்கிக்கொள்ளாவிட்டால் போனது போனதுதான்.

சரி, இரண்டாவது கேள்விக்கு வருவோம். எந்த மணியில் ஆடினால் ஜெயிப்பேன்? எல்லாரும் முதலில் செய்வது ஒன்றுதான்: நாளை 24 கட்டமாகப் பிரித்து, ஒவ்வொன்றிலும் வெற்றி விழுக்காட்டைப் போட்டு, எது உயரமோ அதைப் பிடித்துக்கொள்வது. இதில் என்ன தப்பு என்று ஒரு கணக்கால் காட்டுகிறேன். உங்கள் உண்மையான வெற்றி விகிதம் எல்லா மணியிலும் சரியாக 50 விழுக்காடு, நேரத்தால் எந்த வித்தியாசமும் இல்லை என்று வைத்துக்கொள்வோம். ஒவ்வொரு கட்டத்திலும் பத்து ஆட்டம். ஒரு குறிப்பிட்ட கட்டத்தில் பத்துக்கு எட்டோ அதற்கு மேலோ ஜெயித்திருக்க வாய்ப்பு சுமார் 5.5 விழுக்காடு. குறைவுதான். ஆனால் 24 கட்டங்களில் ஏதாவது ஒன்றிலாவது அப்படி நடந்திருக்க வாய்ப்பு சுமார் 74 விழுக்காடு! அதாவது ஒன்றுமே இல்லாத தரவிலும் நான்கில் மூன்று பேருக்கு ஒரு "ராசியான மணி" கிடைத்துவிடும். நீங்கள் சொன்ன இரவு பதினொரு மணியும் அப்படிப்பட்ட ஒன்றாக இருக்கலாம். இல்லை என்று நான் சொல்லவில்லை, இந்த அளவு தரவை வைத்து இரண்டையும் பிரித்துச் சொல்ல முடியாது என்கிறேன்.

எவ்வளவு ஆட்டம் இருந்தால் போதும்? வெற்றி விகிதம் 50-ஐ ஒட்டி இருக்கும்போது, 100 ஆட்டத்துக்குப் பிழை வரம்பு இரண்டு பக்கமும் சுமார் 10 விழுக்காடு. 400 ஆட்டத்துக்குச் சுமார் 5. நேரத்தால் வரும் நிஜமான வித்தியாசம் இரண்டு மூன்று விழுக்காடுதான் என்றால், ஒருவர் தனியாக ஆடிச் சேர்க்கும் தரவில் அது தெரியவே தெரியாது. அதனால் 24 கட்டத்தைக் கைவிடுங்கள். தரவைப் பார்ப்பதற்கு முன்பே, வேலைக்கு முன், வேலைக்குப் பின், நள்ளிரவு தாண்டி என்று உங்கள் வாழ்க்கைக்குப் பொருந்தும் மூன்று பிரிவு எழுதி வையுங்கள். பார்த்த பிறகு எல்லைகளை நகர்த்தாதீர்கள். இதில் தெரிவதை அடுத்த இரண்டு மாத ஆட்டங்களில் சோதியுங்கள், பழைய ஆட்டங்களிலேயே மறுபடி சோதிப்பது சோதனை ஆகாது.

அப்படியும் ஒரு வித்தியாசம் நின்றது என்றே வைத்துக்கொள்வோம். அதற்குக் காரணம் மணிதானா என்பது தனிக் கேள்வி. மேட்ச்மேக்கிங் (ஆட்டக்காரர்களை ஜோடி சேர்க்கும் முறை) உங்களைச் சமமானவர்களோடு கோர்க்கப் பார்க்கிறது, நன்றாக ஆடினால் எதிரிகளும் கடினமாவார்கள், ஆக எல்லாரையும் 50-ஐ நோக்கி இழுக்கும் ஒரு விசை எப்போதும் இருக்கிறது. ஆள் குறைவான நேரங்களில் கியூ (ஆட்டத்துக்கான காத்திருப்பு) நீளும், சமமான ஆள் கிடைக்காமல் வட்டத்தை விரிக்க வேண்டியிருக்கும், அதில் ஒருதலைப் பட்சமான ஆட்டங்கள் கூடலாம். நீங்கள் நள்ளிரவில் தனியாகவும் மாலையில் நண்பரோடும் ஆடுபவர் என்றால், நீங்கள் அளப்பது மணியை அல்ல, நண்பரை. கியூ வகையையும், அதாவது ஆட்ட வகையையும், கலக்காதீர்கள். ரேங்க்டு சோலோ 420, ஃப்ளெக்ஸ் (குழுவாகவும் ஆடக்கூடிய ரேங்க்டு) 440, அராம் (ஒரே பாதையில் நடக்கும் ஆட்டம்) 450 என்று கியூ எண் தரவிலேயே இருக்கிறது, ஒன்றை மட்டும் எடுங்கள். ரீமேக் ஆனவற்றையும் (ஆரம்பத்திலேயே கலைக்கப்பட்ட ஆட்டங்கள்) தூக்கிவிடுங்கள். நேரத்தை வைத்து "ஐந்து நிமிடத்துக்குக் கீழ்" என்று வெட்டுவதைவிட, ஆட்டம் ஆரம்பத்திலேயே கைவிடப்பட்டதா என்று ஆம், இல்லை சொல்லும் கட்டம் ஒவ்வோர் ஆட்டக்காரருக்கும் இருக்கிறது, அதை வைத்து வெட்டுவது சுத்தம்.

என் அபிப்பிராயத்தில், நாளின் மணியைவிட ஆட்டங்களுக்கு இடையே உள்ள இடைவெளியில்தான் இந்தத் தரவின் சத்து இருக்கிறது. ஓர் ஆட்டம் முடிந்த நேரத்துக்கும் அடுத்தது உருவான நேரத்துக்கும் நடுவில் எவ்வளவு என்று கணக்கிடுங்கள். ஒரு மணி நேரத்துக்கு மேல் போனால் புதிய அமர்வு என்று வைத்துக்கொள்ளலாம். அந்த ஒரு மணி என் கைக்கணக்கு, 45 நிமிடம் என்று வைத்தும் ஒருமுறை பாருங்கள், முடிவு மாறாமல் இருந்தால் சரி. இப்போது ஒவ்வோர் ஆட்டத்துக்கும் அமர்வில் எத்தனையாவது என்ற எண் கிடைக்கும். தோற்ற கையோடு சில நிமிடத்தில் அடுத்த கியூவில் விழுந்த ஆட்டங்கள் தனியாக, கொஞ்சம் இடைவெளி விட்டு ஆடியவை தனியாக என்று பிரிக்கலாம். சூடு ஏறி ஆடும் பழக்கம் இருக்கிறதா என்பதை அந்தப் பிரிவு மணியைவிட நேரடியாகத் தொடும். ஆனால் அந்த இடைவெளியை அப்படியே கியூவில் காத்திருந்த நேரம் என்று எடுத்துக்கொள்ள முடியாது. கியூ, சாம்பியன் (ஆடும் பாத்திரம்) தேர்வு, நீங்கள் தண்ணீர் குடிக்கப் போனது எல்லாம் அதற்குள் ஒன்றாகக் கிடக்கிறது, மேட்ச் தரவில் கியூ நேரம் தனியாக இல்லை.

இதிலும் ஒரு கண்ணி உண்டு, அது நிறையப் பேர் கவனிக்காதது. "அமர்வின் கடைசி ஆட்டத்தில் நான் பெரும்பாலும் தோற்கிறேன், களைத்துப்போகிறேன்" என்பார்கள். எப்போது எழுந்திருப்பீர்கள் என்று கேட்டால், இரண்டு தொடர்ந்து தோற்றால் எழுந்துவிடுவேன் என்பார்கள். அப்படியென்றால் கடைசி ஆட்டம் தோல்வியாக இருப்பது அவர்கள் வைத்த விதியால், களைப்பால் அல்ல. அதனால் கடைசியிலிருந்து எண்ணாதீர்கள், முதலிலிருந்து எண்ணுங்கள். அப்போதுகூட ஐந்தாவது, ஆறாவது ஆட்டம் வரை நீடித்த அமர்வுகள் எல்லாம் அந்த விதியைத் தாண்டி வந்தவை, அதாவது நன்றாகப் போன நாள்கள் அதில் அதிகம். முதல் மூன்று ஆட்டங்களுக்குள் ஒப்பிடுவது ஓரளவு நம்பகமானது. அதற்கு மேல் போகப் போக நம்பிக்கையைக் குறைத்துக்கொள்ளுங்கள்.

ஆட்ட நீளத்தை வைத்துச் செய்யும் கணக்கு இன்னும் மோசமாக ஏமாற்றும். 25 நிமிடத்துக்குள் முடிந்த ஆட்டங்களில் 60 விழுக்காடு ஜெயிக்கிறேன், ஆகவே சீக்கிரம் முடிக்கப் பார்க்க வேண்டும் என்று நீங்கள் எழுதியிருக்கிறீர்கள். ஆட்டம் சீக்கிரம் முடிந்தது என்பது பெரும்பாலும் நீங்கள் ஜெயித்துக்கொண்டிருந்ததன் விளைவு. எதிர் அணி சரண்டர் செய்தாலும் ஆட்டம் குட்டையாகிவிடும், அது உங்கள் வேகம் இல்லை. கேள்வியைத் திருப்பிப் போடுங்கள்: 15-ஆவது நிமிடத்தில் கிட்டத்தட்ட சமமாக இருந்த ஆட்டங்களில், அதற்கப்புறம் என்ன ஆனது? இதற்கு டைம்லைன் வேண்டும். அதில் 60000 மில்லிநொடிக்கு ஒரு சட்டம் (ஃப்ரேம், அந்த நேரத்தின் பதிவு), அதாவது நிமிடத்துக்கு ஒருமுறை, ஒவ்வொருவரின் தங்கமும் அனுபவப் புள்ளியும் பதிவாகியிருக்கும். 15-ஆவது நிமிடத் தங்க வித்தியாசம் ஆயிரத்துக்குள் உள்ள ஆட்டங்களை மட்டும் எடுத்துப் பார்த்தால், நீளும் ஆட்டங்களில் நீங்கள் பலவீனமா என்பது ஓரளவு தெரியும். நாற்பதாவது நிமிடச் சராசரி போடும்போது, அந்த நிமிடத்தை எட்டாமலே முடிந்த ஆட்டங்கள் அந்தச் சராசரியில் இல்லை என்பதையும் மனதில் வையுங்கள். கோடு இறங்குகிறது என்றால் நீங்கள் இறங்கியதாகவும் இருக்கலாம், நல்ல ஆட்டங்கள் முன்பே முடிந்து வெளியேறியதாகவும் இருக்கலாம்.

கொன்ற எண்ணிக்கை, சிஎஸ் (வீழ்த்திய சிறு படைகளின் எண்ணிக்கை), சேதம் போன்றவற்றை நிமிடத்தால் வகுத்து ஒப்பிடுவது பொதுவாக நல்லது. அதற்கு முன்பே சொன்ன டைம்பிளேயிட்டைப் பயன்படுத்துங்கள். ஆனால் ஒரு வரம்பு: சிஎஸ் ஆட்டம் முழுக்கச் சீராக ஏறுவதில்லை, 20 நிமிட ஆட்டத்தின் நிமிடச் சராசரியும் 40 நிமிட ஆட்டத்தின் நிமிடச் சராசரியும் ஒரே திறமையை அளப்பதில்லை. லேனிங்கை (ஆட்டத்தின் ஆரம்பக் கட்டத்தை) மட்டும் பார்க்க வேண்டும் என்றால் பத்தாவது நிமிடச் சட்டத்தில் இருந்த எண்ணை அப்படியே எல்லா ஆட்டத்துக்கும் ஒப்பிடுங்கள், வகுக்க வேண்டிய வேலையே இல்லை.

நிரல் எழுதத் தெரியாத யாராவது இதைப் படித்தால், அவர்களுக்கு கிளையண்டில் (கணினியில் நிறுவிய ஆட்டச் செயலியில்) உள்ள மேட்ச் ஹிஸ்டரியே தேதியும் நீளமும் காட்டும், ஓபி.ஜிஜி மாதிரித் தளங்களும் ரயட்டின் இதே ஏபிஐயிலிருந்துதான் எடுக்கின்றன. ஐம்பது ஆட்டத்தைக் கையால் ஒரு தாளில் எழுதினாலும் அமர்வில் எத்தனையாவது ஆட்டம் என்ற கணக்கைப் போட்டுவிடலாம். உங்களைப் பொறுத்தவரை, முதலில் நீளத்தை ஒரே அலகுக்குக் கொண்டுவந்து, உள்ளூர் நேரத்துக்கு மாற்றி, 420 மட்டும் வடிகட்டி, அமர்வு எண்ணைச் சேர்த்த அட்டவணையைத் தயார் செய்யுங்கள். மூன்று பிரிவுகளிலும் எத்தனை எத்தனை ஆட்டம் தேறுகிறது என்று இங்கேயே எழுதுங்கள். அந்த எண்ணிக்கையைப் பார்த்தால்தான் மேற்கொண்டு என்ன சோதனை போடலாம், எதைப் போட்டுப் பயனில்லை என்று சொல்ல முடியும்.